மேல்வரிசைப் பலகை

ஹேமர்வார்டில் கப்பல்கள் வீடுகளுக்கு மேலே போகும். குளிர்காலத்தில் வால் என்கிற ஆறு நிரம்பி ஏறியிருக்கும்போது, அடுக்களையில் பாத்திரம் கழுவுகிற பெண் தலையை நிமிர்த்தினால் போதும். ஜன்னலின் மேல்விளிம்பில் ஒரு மாலுமியின் அறையும், அதற்குப் பின்னால் கயிற்றில் காயும் யாருடையதோ ஒரு கால்சட்டையும் நகர்ந்துபோவது தெரியும். அவள் மறுபடி குனிந்து பாத்திரத்தைத் தேய்ப்பாள். ஆறு மேலே, ஊர் கீழே, நடுவில் கரை. அதைப் பற்றி ஊரில் யாரும் அதிகம் பேசுவதில்லை. கரை பேச்சில் அடிபடுகிறதென்றால் எங்கோ ஏதோ சரியில்லை என்று அர்த்தம்.

கைஸ்பெர்ட் மட்டும் பேசுவார். அவர் பிறந்த வீடு கரையின் உட்சரிவை ஒட்டியே இருந்தது. வீட்டு முகடும் கரையின் உச்சியும் ஒரே மட்டம். சிறுவயதிலேயே கரைக்கும் ஆற்றுக்கும் நடுவே படுகையில் இருந்த செங்கல் சூளைக்கு வேலைக்குப் போனார். சூளையை மூடியபிறகு தேவாலயத்தில் கணப்பு அடுப்பைப் பார்த்துக்கொண்டார். ஞாயிற்றுக்கிழமை பிரசங்கத்தின்போது ஊருக்குக் கால் குளிராமல் இருந்தது அவரால்தான். ஆனால் அவர் யார் என்று ஹேமர்வார்டில் விசாரித்தால் சூளையையும் சொல்ல மாட்டார்கள், கணப்பையும் சொல்ல மாட்டார்கள். பலகைக்காரர் என்பார்கள்.

படகுத்துறைக்கு வண்டிகள் போய்வருவதற்காகக் கரையின் குறுக்கே எந்தக் காலத்திலோ ஒரு வழி வெட்டியிருந்தார்கள். கரைவாய் என்று அதற்குப் பெயர். இரண்டு பக்கமும் கல்சுவர், சுவரில் செங்குத்தாகச் செதுக்கிய இரட்டைக் காடி. ஆறு ஏறினால் அந்தக் காடிகளில் ஓக் பலகைகளை ஒன்றன்மேல் ஒன்றாக இறக்க வேண்டும். ஆற்றுப்பக்கம் ஒரு வரிசை, ஊர்ப்பக்கம் ஒரு வரிசை. நடுவில் குதிரைச் சாணத்தையும் களிமண்ணையும் கொட்டி மிதித்தால் வாய் அடைபட்டுவிடும். பலகைகள் பக்கத்துக் கொட்டகையில் கிடக்கும். கொட்டகைச் சாவி கைஸ்பெர்ட்டின் தாத்தாவிடம் இருந்தது, பிறகு அப்பாவிடம், பிறகு அவரிடம்.

ஆண்டுதோறும் அக்டோபரில் ஒத்திகை நடக்கும். ஊரே கரைவாயில் கூடும். பலகைகளைச் சுமந்து வந்து பாதி உயரம் வரை அடுக்குவார்கள். அதற்குமேல் அடுக்கினால் பட்டாணி சூப் ஆறிப்போகும். பிறகு திரும்ப எடுத்துக் கொட்டகையில் வைத்துவிட்டு ஆளுக்கொரு சின்னக் கோப்பை ஜெனீவர் சாராயம் குடித்துவிட்டு வீட்டுக்குப் போவார்கள். பள்ளிக்கூடப் பிள்ளைகளையும் அன்றைக்கு அழைத்து வருவார்கள். கைஸ்பெர்ட் அவர்களைக் கரைக்குக் கீழே இருக்கும் வட்டமான மடுவின் ஓரத்தில் நிறுத்தி, அது வந்த கதையைச் சொல்வார்.

நெப்போலியனின் தம்பி இந்த நாட்டுக்கு ராஜாவாக இருந்த குளிர்காலம். ஆற்றில் பனிக்கட்டிகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி அணைபோல் நின்றுவிட்டன. பின்னால் தண்ணீர் பொங்கி வருகிறது. அப்போது சாவி வைத்திருந்தவன் பெயர் க்ரைன். அன்று அவன் பக்கத்து ஊரில் யாரோ ஒரு குழந்தையின் ஞானஸ்நான விருந்தில் உட்கார்ந்திருந்தான். அவன் வந்து சேர்வதற்குள் தண்ணீர் கரைவாயில் புகுந்து, கரையையே அரித்துக்கொண்டு வந்து, இந்த இடத்தில் சுழன்று சுழன்று பள்ளம் பறித்தது. ஏழெட்டு வீடுகள் போயின. மடுவுக்கு க்ரைன் மடு என்றே பெயர் நிலைத்துவிட்டது. கைஸ்பெர்ட் இதை நன்றாகச் சொல்வார். தண்ணீரின் சத்தத்தை வாயாலேயே எழுப்புவார். சொல்லி முடித்ததும் கூட்டத்தில் லாம்மெர்ட்டைத் தேடிப் பிடித்து, "என்ன லாம்மெர்ட், இன்னைக்கு நேரத்துக்கு வந்துட்டியா?" என்று கேட்பார். எல்லோரும் சிரிப்பார்கள்.

லாம்மெர்ட் க்ரைனின் வம்சம். மடுவுக்குப் பின்னால் செர்ரித் தோட்டம் வைத்திருந்தார். கைஸ்பெர்ட்டும் அவரும் பள்ளியில் ஒரே பெஞ்சு. லாம்மெர்ட்டின் கல்யாணத்தன்று தேவாலய வாசலில், இதற்காவது நேரத்துக்கு வந்தானே என்று சொன்னதும் கைஸ்பெர்ட்தான். லாம்மெர்ட் எப்போதும் ஒரே மாதிரி தலையை ஆட்டிவிட்டுப் போய்விடுவார். அவருக்கு அது பழகிவிட்டது என்று ஊர் நினைத்தது. கைஸ்பெர்ட்டும் அப்படித்தான் நினைத்தார்.

இனி அந்தப் பலகையின் கதை.

ஊர்க் காப்பிக்கடையில் வெள்ளிக்கிழமைதோறும் வில்லையாட்டம் நடக்கும். ஆள் நீளத்துக்கு ஒரு மரத்தட்டு. அதன் கோடியில் நான்கு சின்ன வாசல்கள். இந்த முனையிலிருந்து மரவில்லைகளைச் சறுக்கிவிட்டு வாசல்களுக்குள் நுழைக்க வேண்டும். பழைய தட்டு ஈரத்தில் வளைந்து, வில்லையெல்லாம் இடப்பக்கமே ஒதுங்கத் தொடங்கியது. வசந்தத்தில் பக்கத்து ஊரோடு போட்டி. நானே புதிதாக ஒன்று செய்கிறேன் என்று கைஸ்பெர்ட் கடையில் எல்லோர் முன்னாலும் சொல்லிவிட்டார். சூளையில் அச்சுப்பெட்டிகள் செய்த கை அது. வேலை தெரியும். நல்ல மரம்தான் கிடைக்கவில்லை. கடையில் விற்பதெல்லாம் பச்சையாக இருந்தது, இரண்டு மாதத்தில் முறுக்கிக்கொள்ளும்.

பூட்டுக்கு எண்ணெய் போடக் கொட்டகைக்குப் போனவர் மேல்வரிசைப் பலகையைப் பார்த்தார். ஆற்றுப்பக்க வரிசையில் கடைசியாக ஏற வேண்டிய பலகை. அவர் காலத்திலும் சரி, அப்பா காலத்திலும் சரி, அது ஒருமுறைகூடத் தண்ணீரைப் பார்த்ததில்லை. கொட்டகையின் இருட்டில் உலர்ந்து உலர்ந்து, தட்டினால் மணிபோல் ஒலித்தது. விரலால் தடவினார். பிறகு உள்ளங்கையால் தடவினார். ஒன்றை எடுத்தால் என்ன, கோடையில் வேறொன்று செய்து வைத்துவிட்டால் போகிறது என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டார்.

அதை இரண்டாக அறுத்து, பக்கம் பக்கமாக ஒட்டி, ஒரு குளிர்காலம் முழுக்க இழைத்தார். முனையில் உளியால் வெட்டியிருந்த வரிசை எண்ணும் இழைப்பில் போயிற்று. மரம் எங்கே கிடைத்தது என்று கேட்டவர்களிடம், டீல் நகரில் மாமா வீட்டுக் களஞ்சியத்தை இடித்தார்கள் என்றார். வில்லை அதன்மேல் போவது பனிமேல் போவதுபோல் இருந்தது. ஹேமர்வார்ட் அந்த ஆண்டு ஜெயித்தது. ரொட்டிக்கடைக்காரர் அந்தத் தட்டில் போட்ட புள்ளிகளை இன்றுவரை யாரும் தாண்டவில்லை. போகிறவர் வருகிறவரெல்லாம் அதை ஒருமுறை தடவிவிட்டுத்தான் உட்கார்ந்தார்கள்.

அவர் மனைவி ஸ்டீனுக்கு மட்டும் தெரியும். மரத்தூளைக் கூட்டி அள்ளியவள் அவள்தானே. ஒவ்வொரு கோடையிலும் ஒருமுறை கேட்பாள், பலகை என்ன ஆயிற்று என்று. அவரும் ஒவ்வொரு முறையும் செய்கிறேன் என்பார். ஒத்திகையில் பாதி உயரத்துக்கு மேல் யாரும் போவதில்லை. அதனால் அக்டோபர் கடந்துவிட்டால் நிம்மதி. ஒத்திகைக்கு முந்தைய வாரம் மட்டும் அவருக்குச் சரியாகச் சாப்பாடு இறங்காது.

அப்புறம் தொண்ணூற்றைந்து ஜனவரி வந்தது. ஜெர்மனியில் மழை, பெல்ஜியத்தில் மழை. காலை வானொலியில் நீர்மட்டம் படிக்கும்போது வீடுகளில் கரண்டிச் சத்தம்கூடக் கேட்கவில்லை. படுகை முழுவதும் மூழ்கி, சூளையின் புகைபோக்கி மட்டும் தண்ணீரில் நின்றது. கரைக்காவல் தலைவர் பேரெண்ட், நாற்பது வயதுப் பால்பண்ணைக்காரர், கைஸ்பெர்ட்டுக்குத் தொலைபேசியில் சொன்னார்: கரைவாயை அடைத்துவிட வேண்டும், இந்தத் தடவை உச்சி வரைக்கும்.

பூட்டு துருப்பிடித்துவிட்டது, எண்ணெய் விட்டிருக்கிறேன், நாளைக் காலை திறக்கிறேன் என்றார் கைஸ்பெர்ட். பொய். பூட்டு வெண்ணெய்போலத் திறக்கும். போனை வைத்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். தாமதம் செய்கிறோம் என்று அவருக்கே புரிந்தது. தண்ணீர் வரும் வேளையில், சாவியை வைத்துக்கொண்டு, தாமதம். எழுந்து பரணைக் குடைந்தார். பின்கட்டுக் கதவின் பைன் பலகையைக் கழற்றி அளந்தார். காடியில் அது ஆடும். சைக்கிளை எடுத்துக்கொண்டு மரக்கடைக்கு ஓடினார். கடைக்காரன் வாசலில் தன் சோபாவை லாரியில் ஏற்றிக்கொண்டிருந்தான். கிடங்கைப் பூட்டியாகிவிட்டது, ஆண்டவன் காப்பாத்தட்டும் என்றான்.

வீடு திரும்பியதும் ஸ்டீன் கேட்டாள். "பேரெண்ட்கிட்ட சொல்லிட்டியா?"

"காலைல சொல்றேன்."

"காலைல எல்லாரும் இருப்பாங்க. இப்போ அவன் ஒருத்தன்தான்."

அது அவருக்கும் தெரியும். ஆனாலும் கால் எழவில்லை.

மறுநாள் விடிந்ததும் ஊரைக் காலி செய்யச் சொல்லி உத்தரவு வந்துவிட்டது. எல்லோரும், மாடு கன்றோடு, மாலைக்குள் போக வேண்டும். தெருவெல்லாம் டிராக்டர்கள், பன்றி லாரிகள், கூண்டுக்கிளியை மடியில் வைத்துக்கொண்டு காரில் உட்கார்ந்திருக்கும் கிழவிகள். ஆண்களில் ஒரு கூட்டம் மட்டும் கரைவாய்க்கு வந்தது. கைஸ்பெர்ட் கொட்டகையைத் திறந்தார்.

பலகைகள் வெளியே வரத் தொடங்கின. பாதி வரை எல்லோர் கையும் தானாகவே வேலை செய்தது. ஒத்திகையில் பழகிய கை. அதற்குமேல் ஏணி போட வேண்டியிருந்தது. சாணத்தை வாரிக்கொட்டினார்கள், மிதித்தார்கள். ஆற்றுப்பக்கம் தண்ணீர் பலகையில் மெல்லத் தட்டிக்கொண்டே கூட வந்தது. கைஸ்பெர்ட் கொட்டகை வாசலிலேயே நின்று ஒவ்வொரு பலகையாக எடுத்துக் கொடுத்தார். உள்ளே குவியல் குறையக் குறைய அவர் கை மெதுவானது.

கடைசியில் ஊர்ப்பக்க வரிசையின் உச்சிப் பலகை ஏறியது. ஆற்றுப்பக்கத்துக்கு ஒன்றும் இல்லை.

பேரெண்ட் கொட்டகைக்குள் போய்ப் பார்த்தார். மூலையில் இருந்த சாக்கைத் தூக்கிப் பார்த்தார். வெளியே வந்து, "ஒண்ணு குறையுதே" என்றார். யாரையும் குற்றம் சொல்லும் குரல் இல்லை அது. அவர் எண்ணினார், குறைந்தது, அவ்வளவுதான்.

எல்லோரும் களைத்திருந்தார்கள். வீட்டில் பெட்டி கட்டாமல் கிடக்கிறது. ரொட்டிக்கடைக்காரர் ஏணியில் இருந்தபடியே சொன்னார்: "க்ரைன் வீட்டு அடுப்புல தேடிப் பாருங்க. குளிருக்கு எரிச்சிருப்பாங்க."

சிரிப்பு வெடித்தது. பயந்துபோன மனிதர்களுக்கு வருமே, அந்த மாதிரிச் சிரிப்பு. கைஸ்பெர்ட்டும் சிரித்தார். அவர் வாய் தானாகத் திறந்துகொண்டது. கொஞ்சம் சத்தமாகவே வந்தது. சிரித்து முடிப்பதற்குள் அவருக்குக் காது சுட்டது.

சாணக் குவியலின் அருகில் நின்ற லாம்மெர்ட் மண்வெட்டியைக் குத்தி நிறுத்தினார். சிரித்தவர்கள் யாரையும் பார்க்கவில்லை. "என் களஞ்சியக் கதவு ஓக்குதான். கழட்டிட்டு வரேன்" என்று பேரெண்டிடம் சொல்லிவிட்டு நடந்தார்.

அந்த நேரம் ஸ்டீன் காப்பிப் பாத்திரத்தோடு கரையேறி வந்துகொண்டிருந்தாள். சிரிப்பு அவள் காதிலும் விழுந்திருந்தது. பாத்திரத்தைக் கீழே வைத்தாள். கோப்பைகளை எடுக்கவில்லை. நேரே கணவரிடம் வந்தாள்.

"நீயும் சிரிச்சியா?"

அவ்வளவுதான் கேட்டாள். திரும்பிப் போய்க் காப்பி ஊற்றத் தொடங்கினாள்.

கைஸ்பெர்ட் கரையிலிருந்து இறங்கிக் காப்பிக்கடைக்குப் போனார். கடைக்காரி ஜாடிகளைக் காகிதத்தில் சுற்றிக்கொண்டிருந்தாள். வில்லையாட்டத் தட்டை அவர் தோளில் தூக்கியபோது, நல்லவேளை, அதையாவது பத்திரப்படுத்துகிறீர்களே என்றாள். தெரு வழியே சுமந்து வந்தார். லாரிக்காரன் ஒருவன் வழிவிட்டு ஒதுங்கி நின்றான். வெள்ளக்காலத்தில் ஒரு கிழவன் விளையாட்டுத் தட்டோடு கரையேறுவதைப் பார்த்து அவன் என்ன நினைத்தானோ.

பேரெண்டின் காலடியில் அதை இறக்கி வைத்தார்.

"பலகை இதுதான்."

"எந்தப் பலகை?"

"மேல்வரிசைப் பலகை. ஆத்துப் பக்கத்தோடது. நான்தான் அறுத்தேன். மாமா களஞ்சியம் எல்லாம் பொய்."

ரொட்டிக்கடைக்காரர் ஏணியிலிருந்து இறங்கி வந்து அந்தத் தட்டைப் பார்த்தார். தடவவில்லை. ஒருவர் தொண்டையைச் செருமினார். திட்டுவார்கள் என்று கைஸ்பெர்ட் காத்திருந்தார். திட்டியிருந்தால் நிமிர்ந்து நின்று வாங்கிக்கொண்டிருக்கலாம்.

பேரெண்ட் தட்டின் நீளத்தையும் கரைவாயின் அகலத்தையும் கண்ணாலேயே அளந்தார். "இது காடிக்கு எட்டாது."

"எட்டாது."

"அப்ப ஓரமா வைங்க. நடக்கிற வழியில இருக்கு."

கைஸ்பெர்ட் அதைத் தூக்கிப் புல்லில் வைத்தார். அது அங்கேயே கிடந்தது.

லாம்மெர்ட் டிராக்டரில் கதவைக் கொண்டுவந்தார். புல்லில் கிடந்த தட்டைப் பார்த்தார். கூட்டத்தின் முகங்களைப் பார்த்தார். அவருக்கு யாரும் எதுவும் விளக்க வேண்டியிருக்கவில்லை. கதவை இறக்கி வைத்து, காடிக்குத் தக்கபடி கோடு கிழித்தார். கைஸ்பெர்ட் ரம்பத்துக்குக் கை நீட்டினார். ஊரில் அவரைவிட நேராக அறுப்பவர் இல்லை.

"நான் அறுக்கிறேன். நீ முனையைப் பிடிச்சுக்க, போதும்" என்றார் லாம்மெர்ட்.

பிடித்துக்கொண்டார். கதவு பாதியாகிக் காடியில் இறங்கியது. மேலே மண்மூட்டைகளை ஏற்றினார்கள். இருட்டுவதற்குள் வேலை முடிந்தது. ஆட்கள் ஒவ்வொருவராகத் தத்தம் வண்டிக்குப் போனார்கள். கைஸ்பெர்ட்டையும் ஸ்டீனையும் ஏற்றிப்போவதாகச் சொல்லியிருந்த ரொட்டிக்கடைக்காரரின் காரில் கடைசி நேரத்தில் ஏதோ பெட்டிகள் ஏறியிருந்தன. இடமில்லை என்றார். அவர்கள் கண்ணைப் பார்க்காமல் சொன்னார்.

லாம்மெர்ட்டின் வேன்தான் மிச்சம். அவர் மனைவியும் பேத்தியும் நேற்றே போய்விட்டிருந்தார்கள். "ஏறுங்க" என்றார்.

அந்த ஆண்டு கரை நின்றது என்பது இன்று எல்லோருக்கும் தெரியும். அந்த மாலை வேனில் போனவர்களுக்குத் தெரியாது. சாலை முழுக்க வண்டிகள் ஊர்ந்தன. ஸ்டீன் பின்னால் காலிச் செர்ரிக் கூடைகளுக்கு நடுவே உட்கார்ந்திருந்தாள். கைஸ்பெர்ட் முன்சீட்டில், மடியில் தொப்பியோடு. வெகுதூரம் போனபிறகு வாய் திறந்தார்.

"லாம்மெர்ட், நான் சிரிச்சிருக்கக் கூடாது."

"எப்ப? இன்னைக்கா?"

முன்னால் போன லாரியில் ஒரு பன்றி சட்டத்தின் இடுக்கில் மூக்கை நீட்டிக்கொண்டிருந்தது.

"அக்டோபர்ல எங்க பேத்தி ஒத்திகைக்கு வந்தா," என்றார் லாம்மெர்ட். "உன் கதையைக் கேட்டுட்டு வீட்டுக்கு வந்து, தாத்தா, நாம கெட்டவங்களான்னு கேட்டா."

"நீ என்ன சொன்ன?"

"நான் என்ன சொல்றது? கதை சொல்றவன் நீதானே."

பின்னால் ஸ்டீன் ஏதோ கூடையை நகர்த்தி வைத்தாள். வெளியூர்ப் பள்ளி ஒன்றின் விளையாட்டுக்கூடத்தில் அவர்களுக்கு இடம் ஒதுக்கியிருந்தார்கள். உள்ளே வரிசையாகக் கட்டில்கள். பாதி ஹேமர்வார்ட் ஏற்கெனவே அங்கே இருந்தது. வாசலில் ஒரு பெண் சூப் கொடுத்துக்கொண்டிருந்தாள். இவர்கள் மூவரும் நுழைந்ததும் பேச்சு ஒரு கணம் அடங்கி, பிறகு கொஞ்சம் தாழ்ந்த குரலில் தொடர்ந்தது. செய்தி அவர்களுக்கு முன்னாலேயே வந்து சேர்ந்திருந்தது.

கைஸ்பெர்ட் வாசலருகிலேயே நின்றார். கோட்டுப் பைக்குள் கையை விட்டுக் கொட்டகைச் சாவியை எடுத்தார். அதை லாம்மெர்ட்டின் முன் நீட்டினார்.

"பேரெண்ட் நாளைக்கு வருவான். நீ அவன்கிட்ட குடுத்துடு. இனிமே இது என்கிட்ட இருக்க வேணாம்."

லாம்மெர்ட் சாவியைப் பார்த்தார். வாங்கிக்கொள்ளவில்லை.

"நீயே குடு," என்றார். "என் கையில இருந்தா, க்ரைன் வீட்டுக்காரன் திருடிட்டான்னு சொல்லுவாங்க."

பள்ளிக்கூடத்து நாட்களிலிருந்து லாம்மெர்ட் அவரிடம் சொன்ன முதல் கேலி அதுதான். கைஸ்பெர்ட் சிரிக்கவில்லை. லாம்மெர்ட்டும் சிரிக்கவில்லை. அவர் சூப் வரிசையில் போய் நின்றுகொண்டார். கைஸ்பெர்ட் சாவியை உள்ளங்கையில் மூடியபடி, ஊரெல்லாம் பார்த்துக்கொண்டிருக்க, தனக்கென்று போட்டிருந்த கட்டிலைத் தேடி அந்த நீளமான கூடத்தின் நடுவே நடக்கத் தொடங்கினார்.